சூறாவளி, சுழல்காற்று, முகிற்சுழி: எதை ஏற்பது?

அன்புள்ள குழும நண்பர்களுக்கு வணக்கம்.

இடிமேகத்திலிருந்து தரைவரை நீண்டு சுழலும் காற்றான டொர்னாடோவுக்குச் (tornado) ‘சூறாவளி’ என்னும் சொல் இருக்கும்போது ‘முகிற்சுழி’ என்று புதிதாக ஒன்றைப் படைத்து அகராதியின் சுமையைக் கூட்டுவானேன் என்று இவ்விழையில் நண்பர் ஒருவர் கேட்டிருந்தார். நானும் பல ஆண்டுகள் அவ்வாறே எண்ணியிருந்தவன்தான். வங்கதேசத்தைப் பற்றிய கட்டுரை ஒன்றைத் தமிழாக்கியபோது அந்த எண்ணம் ஆட்டம் கண்டது. 1989 ஏப்ரல் 26 அன்று மாணிக்கஞ்ச் மாவட்டத்தின் தௌலத்பூர், சாட்டுரியா பகுதிகளைத் தாக்கி ஏறத்தாழ 1,300 பேரைக் கொன்றது ஒரு டொர்னாடோ. பதிவானவற்றுள் மிகுந்த உயிர்களைக் குடித்தது அதுவே. 1991 ஏப்ரல் 29 அன்று சிட்டகாங் பக்கம் கரையேறிய புயலும் அது எழுப்பிய கடல் பெருக்கும் 1,30,000-க்கும் மேற்பட்டோரை வாரிக்கொண்டு போயின. என் வரைவில் இரண்டும் ‘வங்கதேசச் சூறாவளி’ என்றே நின்றன.

இது என் கவனக்குறைவு மட்டுமன்று. சென்னை வானிலை அறிக்கையில், மீனவர்கள் கடலுக்குச் செல்ல வேண்டாம் என்ற எச்சரிக்கையோடு வரும் ‘சூறாவளிக்காற்று’ மணிக்கு 45 முதல் 55 கிலோமீட்டர் வேகத்தில் வீசுவது. இலங்கையிலோ நாம் புயல் என்பதையே சூறாவளி என்பர். 1978 நவம்பரில் மட்டக்களப்பைச் சிதைத்தது அவர்கள் நினைவில் சூறாவளிதான். அமெரிக்காவைத் தாக்கிய கத்ரீனாவையும் நம் நாளிதழ்கள் சூறாவளி என்றே எழுதின. டொர்னாடோவின் வலுவைக் குறிக்கும் மேம்படுத்தப்பட்ட புஜிட்டா அளவீட்டின் கீழ்ப்படியோ மணிக்கு 105 கிலோமீட்டரில் தொடங்குகிறது. உச்சப் படி 322 கிலோமீட்டரைத் தாண்டியது. இத்தனையையும் ஒரே சொல் சுமக்க முடியாது.

சொல்லின் அழகைப் பார்த்தால் சூறாவளியை விட எனக்கும் மனம் வரவில்லை. சூறையாடுதல் என்பதில் உள்ள சூறை இந்தக் காற்றின் இயல்பைச் சரியாகவே பிடிக்கிறது. 2011 மே 22 அன்று மிசௌரி மாநிலத்தின் ஜாப்ளின் நகரில் 158 பேரைக் கொன்ற டொர்னாடோ, வீடுகளைப் பெயர்த்ததோடு நில்லாமல் மண்ணையும் மரச்சிராய்களையும் மனிதர்களின் தசைக்குள் செலுத்தியது; அவற்றோடு புகுந்த மண்வாழ் பூஞ்சையால் 13 பேருக்குக் கடுந்தொற்று ஏற்பட்டு ஐவர் இறந்தனர். மரங்களின் பட்டையை உரிப்பதும், புல்லோடு மேல்மண்ணைச் சுரண்டி எடுப்பதும், காட்டின் ஊடே விண்ணிலிருந்து பார்த்தாலும் தெரியும்படி ஒரு வகிடு எடுத்துவிட்டுப் போவதும் சூறையே. ஆயினும், பொருந்தும் சொல் என்பது வேறு, வேறு வேலைக்கு ஏற்கெனவே அமர்த்தப்பட்ட சொல் என்பது வேறு.

‘சுழல்காற்று’ என்பதன் குறை வேறு வகையானது. கோடையில் பள்ளி மைதானத்தில் சருகைச் சுழற்றி எழும் காற்றையும் நாம் அப்படித்தான் சொல்கிறோம். அது சூடேறிய தரையிலிருந்து எழுவது. மேலே மேகம் வேண்டியதில்லை. டொர்னாடோ அவ்வாறன்று, அது இடிமேகத்தின் பிள்ளை. கீழே மெதுவாகவும் மேலே விரைவாகவும், திசையும் மாறி வீசும் காற்றுகளுக்கு நடுவே அகப்படும் வளி, பாயைச் சுருட்டினாற்போல் கிடைமட்டமாக உருளத் தொடங்குகிறது. தரையருகே உள்ள ஈரமான வெப்பக்காற்று விசையோடு மேலேறும்போது அந்த உருளையைத் தூக்கி நிறுத்துகிறது. மேகத்துக்குள் சில கிலோமீட்டர் அகலத்துக்குச் சுழற்சி உருவாகிறது. பெரும்பாலான மேகங்களில் கதை அத்தோடு முடிந்துவிடும்; சிலவற்றில், பின்புறமாக இறங்கும் குளிர்காற்று துணைசெய்ய, சுழற்சி தரையருகே ஒடுங்குகிறது. கைகளை விரித்துக்கொண்டு சுற்றும் குழந்தை அவற்றை மடக்கியதும் வேகம் கூடுவதுபோல், ஒடுங்க ஒடுங்க வேகம் ஏறுகிறது. மேகத்தோடும் தரையோடும் ஒருங்கே தொடர்புடைய சுழற்சி என்பதே இதன் இலக்கணம். சொல்லிலும் அந்த மேகம் தெரிய வேண்டும்.

இதனால்தான் ‘முகிற்சுழி’யை முன்மொழிகிறேன். ‘வளித்தூண்’ என்ற பரிந்துரை சுருக்கமானது என்றாலும், 2013 மே 31 அன்று ஓக்லஹோமாவின் எல் ரீனோவில் தோன்றியது 4 கிலோமீட்டருக்கும் மிகுந்த அகலமுடையது. அதைத் தூண் என்பவர் மலையைக் கூழாங்கல் என்பார். சுழி என்றால் ஆற்றில் ஆளைக் கீழே இழுப்பதாயிற்றே, இது மேலே அல்லவா தூக்குகிறது என்ற தடையையும் எண்ணிப் பார்த்தேன். சுழிக்கு உயிர் சுற்றுவதிலும் நடுவை நோக்கி இழுப்பதிலும்தான் இருக்கிறது. தலையில் உள்ள சுழி எதையும் கீழே இழுப்பதில்லை. முகில் என்பதைவிட மேகம் என்பது தமிழகத்தில் பேச்சுக்கு நெருக்கம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இலங்கையில் முகில் அன்றாடச் சொல். இங்கும் அறியாதார் இல்லை.

முகிற்சுழி என்பது பெண்பிள்ளைக்குச் சூட்டும் பெயர்போல் மென்மையாக இருக்கிறது, இதைக் கேட்டு யார் ஓடுவார் என்று ஒருவர் எழுதியிருந்தார். சொல் அச்சுறுத்த வேண்டியதில்லை, பிறழாமல் சுட்டினால் போதும். மக்கள் கலவரமடைவர் என்று அஞ்சி, 1880-களிலிருந்து அமெரிக்க வானிலை அலுவலர்கள் தம் முன்னறிவிப்பில் டொர்னாடோ என்ற சொல்லையே தவிர்த்து வந்தனர். 1948 மார்ச் 25 அன்று ஓக்லஹோமாவின் டிங்கர் விமானப்படைத் தளத்தில் ஃபாபுஷ், மில்லர் என்னும் இரு படை அதிகாரிகள் டொர்னாடோ வரும் என்று துணிந்து கணித்தது அன்று மாலையே பலித்தது. பொதுமக்களுக்கான அறிவிப்பில் அந்தத் தடை விலக 1950 ஆயிற்று. புயலுக்குச் சில நாள் முன்பே ஊரைவிட்டு உயரமான இடத்துக்குப் போகச் சொல்கிறோம். முகிற்சுழிக்குக் கிடைக்கும் பத்துப் பதினைந்து நிமிடத்தில் நிலவறைக்கோ, சன்னல் இல்லாத உள்ளறைக்கோ ஒதுங்க வேண்டும். எச்சரிக்கையின் சொல் மாறினால் ஓடும் திசையும் மாறிவிடுகிறது.

வங்காளியர் செய்வதுபோல் டொர்னாடோ என்றே எழுதலாம் என்பாரோடு எனக்குப் பகையில்லை. அந்தச் சொல்லும், இடிமழையைக் குறித்த ஸ்பானியச் சொல் ஒன்றோடு திரும்புதல் என்ற பொருளுடைய இன்னொன்று குழம்பிக் கலந்து பிறந்ததே. ஆனால் டொர்னாடோ, டோர்னடோ, டொர்னேடோ என இவ்விழையிலேயே மூன்று எழுத்துக்கூட்டல்களைக் கண்டுவிட்டேன். மேலும் அதிலிருந்து கிளைச்சொற்கள் பிறக்கா. முகிற்சுழியை ஏற்றால், தரையைத் தொடாமல் தொங்குவது தொங்குசுழி, மைதானத்தில் எழுவது புழுதிச்சுழி, மேகத்துக்குள் உள்ள பெருஞ்சுழற்சி கருச்சுழல் என ஒரு குடும்பமே அமைகிறது. நீர்மேல் இறங்குவதை மட்டும் நீர்ச்சுழி எனல் ஆகாது. அது ஆற்றுச் சுழலோடு மயங்கும். ‘கடல்முகிற்சுழி’ நீளம்தான், ஆயினும் ஏரிக்குப் பொருந்தாது என்பதைத் தவிர வேறு குறை எனக்குத் தென்படவில்லை. இதைவிடக் குறுகிய சொல் கிடைத்தால் இவ்விழையிலேயே எழுதுங்கள்.

அன்புடன்,
குழும உறுப்பினன்