சாலிஸ்பரித் தீவும் ஜல்சேனா கடற்படைத் தளமும்

கேள்வி (டர்பனின் சேட்ஸ்வொர்த் பகுதியிலிருந்து):
தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைமுகத்தின் சாலிஸ்பரித் தீவில் இந்தியர்களுக்கென இருந்த ஜல்சேனா பயிற்சித் தளத்தில் என் மாமா கடற்படைப் பயிற்சி பெற்றார். என் பெரியம்மாவோ அதே தீவில் கல்லூரியில் படித்ததாகச் சொல்கிறார். இரண்டும் ஒரே இடத்தில் எப்படி நடந்தன?

பதில் 1 (பீனிக்ஸ்):
இருவர் சொல்வதும் சரியே, காலம்தான் வேறு. இரண்டாம் உலகப் போரின்போது அத்தீவு கடற்படைத் தளமாக்கப்பட்டது. பல்கலைக்கழகங்களை இனவாரியாகப் பிரித்த 1959ஆம் ஆண்டுச் சட்டத்தைத் தொடர்ந்து, 1961இல் இந்தியர்களுக்கான பல்கலைக்கழகக் கல்லூரியை அரசு அங்கிருந்த பழைய படைக் கொட்டகைகளில்தான் தொடங்கியது. அது 1970களின் தொடக்கத்தில் டர்பனை அடுத்த வெஸ்ட்வில்லுக்கு இடம்பெயர்ந்தது. ஜல்சேனா அதற்குப் பிறகு, 1970களின் நடுப்பகுதியில் வந்தது.

பதில் 2 (டோங்காட்):
அன்று வெள்ளை இளைஞர்களுக்குப் படைச்சேவை கட்டாயமாக இருந்தது; இந்தியர்களோ தன்னார்வலர்களாகவே சேர்ந்தனர். பயிற்சி பெற வந்த வெள்ளையர்கள் மேற்குக் கரையிலுள்ள சல்தான்யா கடற்படைத் தளத்துக்குச் செல்ல, நம்மவர்களுக்கு மட்டும் தனித் தளம் என்பது அன்றைய இனப்பிரிவினைக் கொள்கையின் நேர் விளைவு. வாக்குரிமை தராத அரசு சீருடையை மட்டும் தர முன்வந்தது என்று அக்காலத்தில் பலர் கசந்துகொண்டதில் வியப்பில்லை. ஆனால் நிலையான சம்பளமும் கடல்தொழில் பயிற்சியும் கிடைத்த இடம் அது என்பதால், சேர்ந்தவர்களைக் குறைகூற நான் தயாரில்லை.

பதில் 3 (கேள்வி கேட்டவர்):
நன்றி, ஐயா. இன்று அது தீவாகவே தெரியவில்லையே?

பதில் 4 (பீனிக்ஸ்):
போர்க்காலத்தில் கட்டிய இணைப்புப் பாதையும், பின்னர் மண் நிரப்பி விரிந்த துறைமுகமும் அதை நிலத்தோடு சேர்த்துவிட்டன.