மாப்பிள்ளை கத்தாரில், பெண் சுங்கை சிப்புட்டில்: திருமணத்தைப் பதிவு செய்ய வழி உண்டா?

சிப்புட்_அண்ணன்:
அனைவருக்கும் வணக்கம். இரண்டு மாதங்களுக்கு முன்பு இங்கே மலேசியாவில் எங்கள் தோட்டத்து மாரியம்மன் கோயிலில் என் தங்கைக்குத் திருமணம் நடந்தது. மாப்பிள்ளை கூலிம்காரர், கத்தாரில் எண்ணெய்த் தளமொன்றில் வேலை. பத்து நாள் விடுப்பில் வந்தவர், பதிவு வேலையைத் தொடங்காமலே திரும்பிவிட்டார். அடுத்த விடுப்பு எட்டு மாதம் கழித்துத்தான். இதற்கிடையில் தங்கை கருவுற்றிருக்கிறாள். அவர் அதிகாரப் பத்திரம் எழுதி அனுப்பினாலோ காணொளியில் தோன்றினாலோ, தங்கை மட்டும் பதிவிலாகாவுக்குச் சென்று கையெழுத்திட முடியுமா? தாலி ஏறிய பிறகு கடுதாசி எதற்கு என்று அம்மா கேட்கிறார்.

பழைய_கிராணி:
தம்பி, அம்மா சொல்வது அவர் காலத்துக்குச் சரி. 1982 மார்ச் 1-க்கு முன்பு வழக்கப்படி நடந்த திருமணங்களைச் சட்டமே பதிவானவையாக ஏற்றுக்கொண்டது. அன்று நடைமுறைக்கு வந்த 1976-ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சீர்திருத்தச் சட்டத்தின்படி, அதற்குப் பிறகு தாலி மட்டும் கட்டிய திருமணம் செல்லாது. ஆகவே நடந்து முடிந்த ஒன்றைப் பதிவு செய்வதாக நினைக்காதீர்கள். பதிவாளர் முன்னால் திருமணம் இனிமேல்தான் நடக்க வேண்டும். அதற்கு மணமக்கள் இருவரும் நேரில் நின்று, இரண்டு சாட்சிகள் பார்க்க, மனமொப்பிச் சம்மதிப்பதாகச் சொல்ல வேண்டும். அதிகாரப் பத்திரம் நிலம் விற்க உதவும், இதற்கு உதவாது.

பத்து நாள் போதாததற்கும் காரணம் உண்டு. திருமணம் செய்யப்போவதாகப் பதிவாளரிடம் அறிவிப்புக் கொடுப்பவர் அந்த வட்டாரத்தில் 7 நாள் தங்கியிருக்க வேண்டும். அறிவிப்பு 21 நாள் ஒட்டப்பட்டிருக்க வேண்டும். குறுகிய விடுப்பில் வருபவர்களுக்கும் உதவும்படி, அச்சட்டத்தின் 21-ஆம் பிரிவு மாநில மந்திரி பெசாரின் (முதலமைச்சரின்) சிறப்பு உரிமத்துக்கு இடம் தருகிறது. தடை எதுவும் இல்லை என்று சத்தியப் பிரமாணம் செய்து அதைப் பெற்றால், அந்த அறிவிப்பு இல்லாமலே திருமணம் செய்துகொள்ளலாம்.

ஈப்போ_தமிழன்:
மதுரையில் உயர் நீதிமன்றக் கிளை 2022-இல், அமெரிக்காவிலிருந்த மாப்பிள்ளைக்குக் காணொளி வழியாகத் திருமணம் நடத்தலாம் என்று தீர்ப்பளித்ததே, அதைக் காட்டிக் கேட்டால் என்ன?

பழைய_கிராணி:
அது இந்தியாவின் சிறப்புத் திருமணச் சட்டத்தின் கீழ் வந்த தீர்ப்பு, தம்பி. நம் பதிவாளரை அது கட்டுப்படுத்தாது.

கெட்டில்_மருமகன்:
நான் தஞ்சாவூரில் திருமணம் செய்து அங்கேயே பதிவும் முடித்தேன். மனைவிக்கு விசா தாமதமானதால், நாடு திரும்பிய ஆறு மாதத்துக்குள் நான் மட்டும் இங்கே சென்று பதிந்தேன். வெளிநாட்டில் நடந்த திருமணத்தைப் பதியும்போது, தக்க காரணம் இருந்தால் ஒருவர் வராமலிருப்பதைப் பதிவாளர் அனுமதிக்கலாம். அந்தக் காரணமும் பதிவேட்டில் எழுதப்படும். ஆனால் உங்கள் வீட்டுத் தாலி இங்கேயே ஏறியதால் இச்சலுகை உங்களுக்குப் பொருந்தாது.

வெளிநாட்டு மலேசியத் தூதரகங்களிலும் திருமணம் செய்யச் சட்டம் இடம் தருகிறது. ஆனாலும் இந்நிலையில் தங்கையை கத்தார்த் தலைநகர் தோஹாவுக்கு அனுப்பும் எண்ணம் வந்தால் கைவிடுங்கள். சட்டப்படி மணமாகாத பெண் அங்கே கருவுற்றிருப்பது சிறை வரை போகக்கூடிய விஷயம். நம் ஊர்க் கோயில் படங்களைக் காட்டி அங்கே தப்ப முடியாது.

லயத்து_அக்கா:
குழந்தையைப் பற்றி யாரும் சொல்லவில்லையே. தங்கை குடியுரிமை உள்ளவர் என்பதால் இங்கே பிறக்கும் பிள்ளைக்குக் குடியுரிமைச் சிக்கல் இல்லை. தாய் வெளிநாட்டவராக இருந்தால்தான் பதிவில்லாத் திருமணம் பிள்ளையை நாடற்றவனாக்கிவிடக்கூடும். ஆனால் பிறப்புப் பத்திரத்தில் அப்பா பெயர் ஏற, இருவரும் சேர்ந்து கேட்டுக் கையெழுத்திட வேண்டும். பிரசவத்துக்குப் பிறகு திருமணம் பதிவானாலும், பிள்ளைகளின் சட்டபூர்வ நிலை பற்றிய 1961-ஆம் ஆண்டுச் சட்டம் அன்று முதல் பிள்ளையைச் சட்டபூர்வமானதாக ஏற்கும். என்றாலும் பள்ளி சேர்க்கும் வயதில் பெயர் மாற்ற அலைவதைவிட, இப்போதே முடித்துக்கொள்வது மேல்.

சிப்புட்_அண்ணன்:
எல்லோருக்கும் நன்றி. மாப்பிள்ளையிடம் பேசினேன், பிரசவத்துக்கு முன்பே ஐந்து நாள் அவசர விடுப்புக் கேட்கிறார். திங்கட்கிழமை பதிவிலாகாவில் சிறப்பு உரிமத்துக்கு என்னென்ன வேண்டும் என்று விசாரிக்கிறேன். அம்மாவிடம் 1982 கணக்கைச் சொன்னதும், "எங்களுக்கு 1981-லேயே ஆகிவிட்டது, அப்போ எங்களது செல்லும்தானே?" என்று இரண்டு முறை கேட்டு உறுதிசெய்துகொண்டார்.