காப்ரினஸா, காப்ரினாப்சிஸா: எதை எழுதுவது?

வைக்கோல்கட்டு:
வணக்கம். வைக்கோல் காளான் படுக்கை போட்டு ஒரு வாரம்கூட ஆகவில்லை, அதற்குள் சாம்பல் நிறத்தில் மெலிந்த களைக்காளான் முளைத்துவிட்டது. காலை ஆறு மணிக்கு முட்டை மாதிரி மூடி நின்றது. பதினோரு மணிக்குப் போய்ப் பார்த்தால் குடையின் ஓரம் சுருண்டு, கறுப்பு மை சொட்டிக்கொண்டிருந்தது. பழைய கையேட்டில் இதற்குக் காப்ரினஸ் என்று பெயர், புதிய புத்தகத்தில் காப்ரினாப்சிஸ். இரண்டும் வேறு வேறா? பயிற்சிக்கு வருபவர்களுக்குக் குறிப்பு எழுதுகிறேன், தப்பாகப் போய்விடக் கூடாது.

வித்துத்தூள்:
காளான் ஒன்றுதான், பெயர்தான் மாறியது. 1797இல் பெர்சூன் என்ற காளான் ஆய்வாளர் காப்ரினஸ் என்ற பேரினத்தை (நெருங்கிய இனங்களைச் சேர்த்த தொகுப்பை) வைத்தார். கறுப்பு வித்து, மையாகக் கரையும் செவுள் (குடையின் அடியில் உள்ள மடல்கள்) என்றால் அதில் போட்டுவிடுவது என்று இருநூறு ஆண்டுகள் ஓடியது. 1990களில் டிஎன்ஏவை ஒப்பிட்டபோதுதான் தெரிந்தது, காப்ரினஸ் கோமாட்டஸ் என்ற வெள்ளை நெட்டைக் காளான் நாம் கடையில் வாங்கும் பட்டன் காளானுக்குச் சொந்தம், மற்ற பெரும்பாலானவை சாத்திரெல்லா என்ற வேறொரு பேரினத்தின் பக்கம். அதாவது மையாகக் கரையும் குணம் தனித்தனியாக, ஒரு தடவைக்கு மேல் தோன்றியிருக்கிறது. எனக்கு இதைப் படித்தபோது உண்மையிலேயே சிலிர்த்தது.

2001இல் ரெட்ஹெட் குழுவினர் பேரினத்தைப் பிரித்தார்கள். பிரிக்கும்போது மாதிரி இனம், அதாவது பேரினப் பெயருக்கு அடையாளமாக நிற்கும் இனம், எந்தப் பக்கம் போகிறதோ, பழைய பெயரும் அந்தப் பக்கம்தான் போகும், எண்ணிக்கை கணக்கில் வராது. மாதிரி இனம் கோமாட்டஸ். அதனால் அதுவும் சில நெருங்கிய சொந்தங்களும் காப்ரினஸாக நின்றன, மீதிக் கூட்டம் காப்ரினாப்சிஸ், காப்ரினெல்லஸ், பாராசோலா என்று ஆனது. உங்கள் படுக்கையில் வந்தது காப்ரினாப்சிஸ் சினேரியாவாக இருக்கத்தான் அதிக வாய்ப்பு, பழைய பெயர் காப்ரினஸ் சினேரியஸ். உறுதியாகச் சொல்ல நுண்ணோக்கி வேண்டும்.

மழைக்குடை:
அறிவியல் சரி, ஆனால் விவசாயிக்கு மைக்காளான் என்று சொன்னால்தான் புரியும். என்னைக் கேட்டால் இரண்டு பெயரையும் எழுதுங்கள், பழைய கையேடு இன்னும் நிறையப் பேர் கையில் இருக்கிறது. அப்புறம், மை சொட்டும் முன்பே பிடுங்கிவிடுங்கள், விட்டால் வித்து பரவும். படுக்கையில் அம்மோனியா வாடை அடிக்கிறதா? கோழி எரு அதிகமானால் இது வரும்.

ஈரமண்:
ஒன்றைச் சேர்த்துக்கொள்ளுங்கள். காப்ரினாப்சிஸ் அட்ரமென்டேரியா என்ற இன்னொரு மைக்காளானில் காப்ரின் என்ற பொருள் இருக்கிறது. அதைத் தின்றவர் மது குடித்தால் முகம் சிவந்து, நெஞ்சு படபடத்து, வாந்தி வரும். கோமாட்டஸ் உண்ணக்கூடியது. பழைய பெயரில் இரண்டுமே காப்ரினஸ் என்பதால், படுக்கையில் வரும் களையை யாரும் சமைக்க வேண்டாம் என்று எழுதிவிடுங்கள்.

வைக்கோல்கட்டு:
நன்றி. கோழி எரு போட்டது உண்மைதான், இந்தத் தடவை கொஞ்சம் கூடிவிட்டது. ‘காப்ரினாப்சிஸ் சினேரியா, முன்பு காப்ரினஸ் சினேரியஸ்’ என்று எழுதி, கீழே சமைக்காதீர்கள் என்று பெரிய எழுத்தில் போட்டுவிட்டேன். நாளை விடியும் முன்பே பிடுங்கிவிடுகிறேன்.