பூத்வார் படம்: முதல் ஷூட், கொஞ்சம் சொல்லித் தாருங்கள்

நிழல்மொழி:
இதுவரை கல்யாணப் படம்தான் எடுத்திருக்கிறேன். 45 வயது அக்கா ஒருவர் பூத்வார் படம் (உள்ளாடையிலோ மெல்லிய உடையிலோ அந்தரங்கமாக எடுக்கும் படம்) கேட்கிறார், யாருக்கும் காட்ட இல்லையாம், தனக்கே தனக்காம். சிசேரியன் தழும்பை மட்டும் அழித்துவிடச் சொல்கிறார். நானும் பெண்தான், ஆனாலும் பதற்றமாக இருக்கிறது.

ஜன்னலோரம்:
ஃபிளாஷை மூட்டை கட்டுங்கள். ஜன்னலில் மெல்லிய வெள்ளைத் திரை போட்டு அவரைப் பக்கவாட்டில் உட்கார வையுங்கள், ஒரு பக்கம் வெளிச்சமும் மறுபக்கம் நிழலுமாக விழும்போது உடம்பின் வளைவு தானாக வரும். 85 மி.மீ. லென்ஸ் நல்லது, சின்ன அறை என்றால் 50. 35-ஐ வைத்துக்கொண்டு கிட்டே போனால் முன்னால் நீட்டிய முழங்கால் பூசணிக்காய் மாதிரி தெரியும். தொட்டுச் சரிசெய்யாதீர்கள், போஸை நீங்களே செய்து காட்டுங்கள்.

மல்லிப்பந்தல்:
தழும்பை அழித்தது, அழிக்காதது இரண்டையும் காட்டுங்கள். என்னிடம் வந்தவர் வெகுநேரம் பார்த்துவிட்டு அழிக்காததைத்தான் எடுத்துப் போனார்.

கறார்பேர்வழி:
எழுத்தில் ஏதாவது போட்டீர்களா? 1957 பதிப்புரிமைச் சட்டம் 17ஆம் பிரிவின்படி, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால் காசு கொடுத்து எடுக்கச் சொன்னவருக்கே படத்தின் உரிமை. அவர் எழுதித் தராமல் இன்ஸ்டாகிராம் பக்கமே போகாதீர்கள்.

நிழல்மொழி:
சரி. என் ஃபோனில் தானாக பேக்கப் ஆகிறது, முதலில் அதை நிறுத்துகிறேன்.