டூனா டின்னில் சாலட் எப்படிச் செய்வது? அடுப்பு பற்றவைக்க முடியாது, கொஞ்சம் அவசரம்

காரைக்குடிப் புதுசு:
எல்லாருக்கும் வணக்கம். காரைக்குடியிலிருந்து வெளிநாடு வந்து இன்னும் ஒரு மாதம் முடியவில்லை. கையில் இருக்கும் காசை முதல் சம்பளம் வரை இழுத்தாக வேண்டும். நேற்று வெங்காயம் வதக்கியதற்கே பக்கத்து அறைக்காரர் வந்து கதவைத் தட்டிவிட்டார். வாசனை அவர் கோட்டில் ஏறுகிறதாம். வீட்டு ஓனருக்கும் மெசேஜ் போட்டுவிட்டார். இனி அடுப்புப் பக்கம் போகவே பயமாக இருக்கிறது. பிரெட்டும் ஜாமும் தின்று நாக்கு செத்துப்போச்சு. டூனா டின் மலிவு, சாலட் செய்தால் சமைக்கவே வேண்டாம் என்றார்கள். ஒன்று வாங்கித் திறந்தேன். உப்புத் தண்ணீரில் வெளிறிக் கிடக்கிறது, வாயில் வைக்க முடியவில்லை. பாதி டின் அப்படியே ஃப்ரிட்ஜில் இருக்கிறது. யாராவது சீக்கிரம் சொல்லுங்கள்.

கானாடுகாத்தான் கதவு:
தம்பி, சாலட் எல்லாம் நமக்கு எதற்கு? டூனா என்பது நம்ம சூரை மீன்தான். சுறாப் புட்டு போலப் புட்டு செய்யுங்கள். சுறாவுக்கு வேகவைத்துத் தோல் உரிக்கும் வேலை உண்டு, டின் மீனுக்கு அதுவும் கிடையாது. தண்ணீரை ஒட்டப் பிழிந்துவிட்டு உதிர்த்து, மஞ்சள்தூளும் உப்பும் பிசிறி வையுங்கள். நல்லெண்ணெயில் கடுகு, உளுத்தம்பருப்பு, சோம்பு தாளித்து, சின்ன வெங்காயமும் பூண்டும் சரிக்குச் சரி பொடியாக நறுக்கிப் போட்டு, பச்சை மிளகாய், கறிவேப்பிலை சேர்த்து வதக்கி, மீனைக் கொட்டிச் சிறுதீயில் பூப்பூவாக வரும்வரை கிளறுங்கள். ரசம் சாதத்துக்குத் தொட்டுக்கொண்டால் ஊரிலேயே இருப்பது போல இருக்கும்.

கோட்டையூர் கணக்கு:
அண்ணே, அவர் அடுப்பே வேண்டாம் என்கிறார். நீங்கள் பூண்டு வதக்கச் சொல்கிறீர்கள். அறைக்காரர் இந்தத் தடவை போலீஸுக்கே போய்விடுவார்.

தம்பி, நான் வந்த புதிதில் பட்ட பாடு உங்களுக்குத் தெரியாது. குளிர் என்றால் அப்படிக் குளிர், ஹீட்டர் போட்டால் பில் எகிறும். டூனாவெல்லாம் அப்போது எனக்கு ஆடம்பரம். சாயங்காலம் கடை சாத்தும் நேரத்துக்குப் போய், மஞ்சள் ஸ்டிக்கர் ஒட்டி விலை குறைத்த ரொட்டியாகப் பார்த்துப் பொறுக்குவேன். ஊருக்குப் போன் போட்டால் அம்மா முதலில் கேட்பது சாப்பிட்டாயா என்றுதான். கோழிக் குழம்பு என்று வாய் கூசாமல் சொல்வேன். ஒரு நோட்டுப் போட்டு வரவு செலவு எழுதுங்கள். மற்றதெல்லாம் தானாகச் சரியாகும்.

சிட்னி தேவகோட்டை:
ஏன் இவ்வளவு சிக்கல்? மிளகாய் போட்டே 95 கிராம் சின்ன டின் எல்லாக் கடையிலும் கிடைக்கிறதே. திறந்து அப்படியே ரொட்டியில் வைத்துச் சாப்பிடுங்கள். எண்ணெயில் போட்டதுதான் ருசி. தண்ணீரில் போட்டதைப் பூனைக்கு வைக்கலாம்.

புதுவயல் ஆலை:
தேவகோட்டை, அவர் எந்த நாட்டில் இருக்கிறார் என்றே இன்னும் சொல்லவில்லை. உங்கள் ஊர்க் கடையில் இருப்பது அவர் ஊர்க் கடையில் இருக்க வேண்டும் என்று இருக்கிறதா? விலைக்குக் கணக்குப் பார்த்தால் அந்த மிளகாய் டின்தான் கிராமுக்குக் கூடுதலாக வரும். உப்புத் தண்ணீர் டின்னையே வாங்கலாம், வடித்துவிட்டு ஒரு தடவை அலசினால் உப்பு குறைந்துவிடும். காசு மிச்சம், எண்ணெயும் மிச்சம்.

தம்பி, நாடு எது? மைக்ரோவேவ் இருக்கிறதா? ஊரிலிருந்து பொடி ஏதாவது கொண்டுவந்தீர்களா?

நேமத்தான் மகன்:
டூனாவைத் தொடாதீர்கள். பாதரசம். தினமும் தின்றால் நரம்பு போய்விடும் என்று படித்தேன்.

சிட்னி தேவகோட்டை:
படிக்கும் காலம் முழுக்க தினமும் டூனாதான் எனக்கு. நரம்பு நன்றாகத்தான் இருக்கிறது.

கோட்டையூர் கணக்கு:
அதனால்தான் யார் என்ன சொன்னாலும் கோபம் வருகிறதோ என்னவோ.

கானாடுகாத்தான் கதவு:
நம்ம செட்டிநாட்டுப் பெரியவர்கள் ரங்கூனுக்கும் பினாங்குக்கும் கப்பல் ஏறினார்களே, அவர்கள் யாரிடம் போய்ச் சாலட் கேட்டார்கள்? சிங்கப்பூர் மார்க்கெட் தெருவில் கிட்டங்கி என்று ஒன்று இருந்தது. கீழே வட்டிக்கடைக்காரர்கள் பெட்டி வைத்து உட்காரும் பெட்டியடி, படுக்கையும் சாப்பாடும் அங்கேயே. சமைக்க ஊர் ஆள் இருப்பார். போன அன்றைக்கே இலையில் சோறு. இப்போது ஒவ்வொருவரும் தனித்தனியாக ஒரு அறைக்கு முக்கால் சம்பளத்தைக் கொடுத்துவிட்டு, வெங்காயம் வதக்க அடுத்தவன் முகத்தைப் பார்க்க வேண்டியிருக்கிறது.

நேமத்தான் மகன்:
அதைச் சொல்லுங்கள். நான் வந்தபோது அம்மா உப்புக்கண்டம் கட்டிக் கொடுத்தார்கள். விமான நிலையத்தில் இறங்கின உடனே பையைத் திறக்கச் சொல்லி, இறைச்சி உள்ளே வரக் கூடாது என்று எடுத்துத் தொட்டியில் போட்டுவிட்டார்கள். வெயிலில் காயவைத்து, காக்கா விரட்டி, எவ்வளவு பாடு. இன்னும் அம்மாவிடம் சொல்லவில்லை.

கோட்டையூர் கணக்கு:
தேங்காய் விலை பார்த்தீர்களா? உடைத்தால் பாதி நேரம் உள்ளே அழுகல். கேட்டால் பில் இருக்கிறதா என்கிறான்.

காரைக்குடிப் புதுசு:
மன்னிக்கவும், பதில் போட நேரமாகிவிட்டது. முதலில் ஒன்று, நான் தம்பி இல்லை. இங்கிலாந்து, லெஸ்டர். இவர் வேலையில் சேர்ந்து முதல் சம்பளத்துக்குக் காத்திருக்கிறோம். கெட்டில் இருக்கிறது, மைக்ரோவேவ் இருக்கிறது. அம்மா கொடுத்த இட்லிப் பொடியும் பருப்புப் பொடியும் குழம்புத் தூளும் இருக்கின்றன. எனக்கு இது நாலாவது மாதம். அடுப்புப் புகை பட்டாலே குமட்டுகிறது, அதனால்தான் சாலட் கேட்டேன். பாதரசம் என்று படித்ததிலிருந்து கை நடுங்குகிறது. நேற்று சாப்பிட்ட கால் டின் ஏதாவது செய்யுமா?

கோட்டையூர் கணக்கு:
அடடா. இதை முதலிலேயே சொல்ல வேண்டாமா, தங்கச்சி.

பள்ளத்தூர் மருமகள்:
எல்லாரும் கொஞ்சம் சும்மா இருங்கள். ஆத்தா, பயப்படாதே. கால் டின்னில் ஒன்றும் ஆகாது. இங்கே என்.எச்.எஸ். என்ற அரசு மருத்துவச் சேவை சொல்வது இதுதான்: கர்ப்பிணிகள் டூனா சாப்பிடலாம், வாரத்துக்கு நாலு டின்னுக்கு மேல் வேண்டாம். அவர்கள் கணக்கில் ஒரு டின் என்பது தண்ணீர் வடித்த பிறகு 140 கிராம். நம்ம கடையில் கிடைக்கும் 145 கிராம் டின்னில் வடித்தால் கிட்டத்தட்ட 100 கிராம்தான் தேறும். அதனால் நீ வாரம் இரண்டோ மூன்றோ தாராளமாகச் சாப்பிடலாம். டின்னில் வருவது பெரும்பாலும் ஸ்கிப்ஜாக் என்ற சின்ன வகை, பெரிய மீனைவிட அதில் பாதரசம் குறைவு. ஆனால் மேலே ஒருவர் ஆசை காட்டினாரே சுறாப் புட்டு, அசல் சுறா இப்போது உனக்கு ஆகாது. சுறாவும் வாள்மீனும் கர்ப்பிணிகளுக்கு வேண்டவே வேண்டாம் என்பது அவர்கள் கண்டிப்பு.

ஃப்ரிட்ஜில் இருக்கும் பாதி டின்னைத் தூக்கிப் போடு. காசு போச்சே என்று பார்க்காதே. திறந்த டின்னை அப்படியே உள்ளே வைக்கக் கூடாது, மூடி உள்ள டப்பாவுக்கு மாற்றி இரண்டு நாளுக்குள் முடிக்க வேண்டும். மேஜை மேல் மணிக்கணக்கில் கிடந்த டூனாவை மறுபடி சூடாக்கினாலும் பயனில்லை. அந்த மீன் கெடும்போது ஹிஸ்டமின் என்று ஒன்று ஊறும், அது சூட்டுக்கு அழியாது. முகம் சிவந்து, தடிப்பு வந்து, தலை வலிக்கும். திறக்காத டின் அதில் போட்டிருக்கும் தேதி வரை அலமாரியில் இருக்கட்டும்.

இப்போது சாலட். இரண்டு பேருக்கு ஒரு டூனா டின், 400 கிராம் கொண்டைக்கடலை டின்னில் பாதி. கொண்டைக்கடலை ஏற்கெனவே வெந்ததுதான், அலசினால் போதும். மீனைத் தனியாகப் போட்டால் இரண்டு பேருக்குக் காணாது, கடலை சேர்த்தால் வயிறும் நிறையும், செலவும் குறையும். அரை வெங்காயத்தை மெல்லிசாக அரிந்து உப்புத் தண்ணீரில் கொஞ்ச நேரம் போட்டுப் பிழிந்துவிடு, காரமும் வாடையும் இறங்கும். வெள்ளரிக்காய் பாதி, கேரட் துருவியது ஒரு கை, நன்றாகக் கழுவிச் சேர். கெட்டித் தயிர் இரண்டு கரண்டி, எலுமிச்சைச் சாறு ஒரு கரண்டி. தயிர் வேண்டாம் என்றால் கடை மயோனைஸ் ஒரு கரண்டி போடலாம், பாட்டிலில் விற்பது பாஸ்சரைஸ் செய்த, அதாவது கிருமி போகச் சூடுபடுத்திய முட்டை, உனக்கு ஒன்றும் செய்யாது. மிளகு பொடித்துத் தூவு.

இதற்கு உயிர் கொடுக்கப் போவது உன் அம்மாவின் பொடிதான். இட்லிப் பொடி ஒரு தேக்கரண்டி போட்டுப் பிசிறு. பருப்பும் மிளகாயும் வறுத்து அரைத்தது என்பதால் பச்சை வாடை வராது. குழம்புத் தூளை மட்டும் இதில் போட்டுவிடாதே, அது கொதித்தால்தான் சரிப்படும், பச்சையாகப் போட்டால் மல்லித்தூள் தொண்டையில் நிற்கும். மீனை வடிகட்டியில் கொட்டி அலசி, கரண்டி முதுகால் அழுத்தித் தண்ணீரை முழுசாக எடு. நேற்று உனக்கு வாயில் வைக்க முடியாமல் போனது அந்தத் தண்ணீரால்தான்.

புதுவயல் ஆலை:
ஒன்று சேர்க்கிறேன். சோறு இல்லாமல் சாலட்டை மட்டும் தின்ன நமக்கு வராது. குஸ்குஸ் என்று விற்கிறார்கள், பார்க்கக் கோதுமை ரவை மாதிரி இருக்கும். 100 கிராம் எடுத்துக் கிண்ணத்தில் போட்டு, கெட்டிலில் கொதித்த தண்ணீர் 150 மில்லி ஊற்றித் தட்டால் மூடிவையுங்கள். ஐந்து நிமிடத்தில் உப்புமா பதம். ஆறவிட்டுச் சாலட்டோடு கலந்தால் மதியத்துக்கு டப்பாவில் கட்டவும் ஆகும்.

சிட்னி தேவகோட்டை:
ஸ்வீட் கார்னும் போடலாமே? ஃப்ரீசரில் பெரிய பையாக மலிவாகக் கிடைக்கும்.

பள்ளத்தூர் மருமகள்:
டின் கார்ன் என்றால் அப்படியே போடலாம். ஃப்ரீசர் கார்னை ஐஸ் உருக்கி அப்படியே போடக் கூடாது, மைக்ரோவேவில் ஆவி பறக்கச் சூடாக்கி ஆறவைத்துத்தான் சேர்க்க வேண்டும். இந்த நேரத்தில் லிஸ்டீரியா என்ற கிருமி விஷயத்தில் விளையாடக் கூடாது. முளைகட்டிய பயறையும் பச்சையாகப் போடாதே. முட்டையை ஓட்டோடு மைக்ரோவேவில் வைக்காதே, வெடிக்கும்.

காரைக்குடிப் புதுசு:
அக்கா, ரொம்ப நன்றி. எலுமிச்சையும் தயிரும் வாங்கிவர இவரை அனுப்பிவிட்டேன். மிட்வைஃபை, அதாவது பிரசவம் பார்க்கும் செவிலியை, எப்படிப் பார்ப்பது என்று தெரியவில்லை. ஜி.பி.யில், அதாவது குடும்ப மருத்துவரிடம், பதிவு செய்தால்தான் விடுவார்களா?

பள்ளத்தூர் மருமகள்:
இன்னும் பார்க்கவில்லையா! பத்து வாரத்துக்குள் முதல் சந்திப்பு நடந்திருக்க வேண்டும். ஜி.பி. பதிவுக்காகக் காத்திருக்காதே. பக்கத்து மருத்துவமனையின் மகப்பேறுப் பிரிவு இணையப் பக்கத்தில் நீயே நேரடியாகப் பதிவு செய்யலாம். இன்று இரவே செய். ஜி.பி. பதிவு தனியாக நடக்கட்டும். மகப்பேறு விலக்குச் சான்று கொடுக்கச் சொல்லிக் கேள், அது இருந்தால் மருந்துச் சீட்டுக்குக் காசு கிடையாது, பல் வைத்தியமும் இலவசம். வைட்டமின் டி தினம் 10 மைக்ரோகிராம் எடுக்கச் சொல்வார்கள், இங்கே வெயிலை நம்ப முடியாது.

கானாடுகாத்தான் கதவு:
ஆத்தா, அந்தப் பக்கத்து அறைக்காரருக்கும் ஒரு கிண்ணம் கொடுத்துப் பாருங்கள்.

கோட்டையூர் கணக்கு:
இட்லிப் பொடி குறைவாக இருக்கும்போது அதெல்லாம் வேண்டாம் அண்ணே. தங்கச்சி, தனி டின்னாக வாங்காமல் கடையின் சொந்தப் பிராண்டில் நாலு டின் கட்டாக வாங்குங்கள், இழுத்துத் திறக்கும் வளையம் உள்ளதாகப் பாருங்கள், திறப்பான் செலவு மிச்சம். காலி டின்னைச் சோப்புத் தண்ணீரில் அலசிவிட்டு மறுசுழற்சித் தொட்டியில் போடுங்கள். அலசாமல் அடுக்களைக் குப்பையில் போட்டால் மறுநாள் காலை நாறும், அந்த ஆள் திரும்ப வந்து கதவைத் தட்டுவார்.