பொருள்: கண்காட்சித் தலைப்புக்கு ஒரு பொதுச்சொல் வேண்டும்

குழுவினருக்கு வணக்கம்.

ஊட்டியில் எங்கள் கல்லூரி நூலகத்தில் ஒரு சிறு கண்காட்சி வைக்கிறோம். ஆண், பெண் என்ற இரண்டுக்குள் அடங்காதவர்களுக்குப் பல சமூகங்கள் கொடுத்த இடம் பற்றியது. தலைப்பாக 'மூன்றாம் பாலின மரபுகள்' சரியாக இருக்குமா? 'திருநங்கையர் மரபுகள்' போதும் என்கிறார் பலகை எழுதுபவர், எழுத்து குறைவாம்.

– உதகை

*

தம்பி, திருநங்கை இங்கே பொருந்தாது. அது நம் ஊர்ச் சொல், அதுவும் புதுசு. 2008-இல் அமைந்த நல வாரியமே முதலில் அரவாணிகள் நல வாரியம்தான். அல்பேனிய மலைக்கிராமங்களில் பெண்ணாகப் பிறந்து, மணம் முடிப்பதில்லை என்று சத்தியம் செய்துவிட்டு ஆணாகவே வாழ்ந்த புர்னேஷாக்களை எப்படித் திருநங்கை என்பீர்கள்?

'மூன்றாம்' என்பதும் எனக்கு உடன்பாடில்லை. ஆணுக்கு ஒன்று, பெண்ணுக்கு இரண்டு என்று யார் வரிசை போட்டது? இந்தோனேசியாவின் சுலவேசித் தீவில் வாழும் பூகிஸ் மக்கள் ஐந்து பாலினம் சொல்கிறார்கள். அதில் பிஸ்ஸு என்பவர் சடங்கு நடத்தும் பூசாரி. அவருக்கு எந்த எண் கொடுப்பது? தொல்காப்பியரும் எண் போடவில்லை. 'ஆண்மை திரிந்த பெயர்'களை உயர்திணைக்குள்ளேயே வைத்து, அவற்றுக்குத் தனி ஈறு இல்லை என்று சொல்லி நிறுத்திக்கொண்டார்.

வட அமெரிக்கப் பழங்குடிகளைப் பாருங்கள். இத்தகையவர்கள்மேல் வெளியார் ஒட்டிய இழிபெயரை உதறிவிட்டு, 1990-இல் வின்னிபெக் கூட்டத்தில் 'இரு ஆவியர்' என்ற பொருள்படும் பொதுப்பெயரைத் தாங்களே ஏற்றார்கள். ஆனால் அப்பழங்குடிகளில் ஒன்றான சூனி இனத்து வீவாவை அவர் மக்கள் அழைத்தது லமானா என்று, அதாவது ஆணாகப் பிறந்து பெண்களின் உடையும் வேலையும் ஏற்றவர். கைதேர்ந்த நெசவாளர். 1886-இல் வாஷிங்டன் போய் அதிபர் கிளீவ்லண்டைச் சந்தித்தார். அங்கே பலர் அவரைப் பெண் என்றே நினைத்தார்கள். அவர் படத்துக்குக் கீழே லமானா என்றுதான் இருக்க வேண்டும்.

தலைப்புக்கு என் பரிந்துரை: பல்பால் மரபுகள்.

– கோத்தகிரி

*

> பல்பால் மரபுகள்

ஐயா, புணர்ச்சி விதிப்படி சரி. ஆனால் பள்ளிப் பிள்ளைகளும் வருவார்கள். பல் மருத்துவக் கண்காட்சி என்று நினைத்துச் சிரிப்பார்கள். 'பன்பால்' என்று திருத்தலாம் என்றால் இலக்கணக்காரர்கள் விடமாட்டார்கள், ல் அங்கே ன் ஆகாது. பன்மையை முழுச் சொல்லாகவே வையுங்களேன்: பாலினப் பன்மை மரபுகள்.

இன்னொன்று. 'மூன்றாம் பாலினம்' என்பதை அவ்வளவு எளிதாக ஒதுக்காதீர்கள். 2014-இல் உச்ச நீதிமன்றம் ஏற்ற சொல் அது. எங்கள் தெருவில் டீக்கடை வைத்திருக்கும் திருநங்கை அக்காவிடம் கேட்டேன். "பேர் எப்படியோ போகட்டும் கண்ணு, அந்தத் தீர்ப்பைக் காட்டித்தான் ஆபீஸ்ல நின்னு பேச முடியுது" என்றார்.

– குன்னூர்

*

குன்னூர் அம்மா சொல்வது நியாயம். சட்டம் பற்றிய பலகையில் 'மூன்றாம் பாலினம்' அப்படியே இருக்கட்டும். அது வழக்காடிப் பெற்ற சொல். உலகம் முழுவதற்கும் அதையே குடையாகப் பிடிப்பதைத்தான் மறுக்கிறேன். தலைப்புக்குப் 'பாலினப் பன்மை மரபுகள்' எனக்குச் சம்மதம். 'பன்மை' என்றதும் இலக்கண வகுப்பு நினைவுக்கு வரும் என்பது ஒரு குறைதான், சகிக்கலாம்.

– கோத்தகிரி

*

இருவருக்கும் நன்றி. தலைப்பு அப்படியே அச்சுக்குப் போகிறது. ரோமாபுரியில் சிபெலி தேவிக்குத் தங்களைக் காயடித்துக்கொண்டு தொண்டு செய்த கல்லிப் பூசாரிகளையும் இதே வரிசையில் வைக்கலாமா, அவர்கள் துறவியர் வகையா? யாராவது இன்றிரவுக்குள் சொன்னால் நல்லது.

– உதகை