1943 ஆம் ஆண்டின் கிரேட் லேக்ஸ் கடற்படை முகாம் அணியை எவ்வாறு மதிப்பிடுவது?

கேள்வி: தியத்தலாவை வாசகர்

வணக்கம். நான் தியத்தலாவையில் பிறந்து வளர்ந்தவன். படைமுகாம் மைதானத்தில் சிப்பாய்கள் மாலைவேளைகளில் உதைபந்து ஆடுவதை வேலியோரம் நின்று பார்த்துப் பழகியதனால், முகாம் அணி என்றால் கடமை முடிந்தவர்கள் பொழுதுபோக்காக ஆடுவது என்றே நினைத்திருந்தேன். அண்மையில் எங்கள் பாடசாலை விளையாட்டு மன்றத்தின் பொறுப்பு என்னிடம் வந்தது. மன்ற மாணவர்களுக்காக இரண்டாம் உலகப் போர்க்கால விளையாட்டுகளைப் பற்றிப் படித்தபோது, சிக்காகோவுக்கு வடக்கே மிச்சிகன் ஏரிக்கரையில் உள்ள கிரேட் லேக்ஸ் கடற்படைப் பயிற்சி முகாமின் அணி 1943 இல் 10 போட்டிகளில் வென்று 2 போட்டிகளில் மட்டும் தோற்றதையும், நவம்பர் 27 ஆம் திகதி நோட்டர் டேம் பல்கலைக்கழகத்தை 19-14 என்று வீழ்த்தியதையும் அறிந்தேன். ஆனால் அந்த ஆண்டின் தரப்படுத்தலில் தோற்ற நோட்டர் டேமுக்கு முதலிடமும் வென்ற முகாமுக்கு ஆறாமிடமும் கிடைத்திருக்கின்றன. ஒரு முகாமுக்கு இவ்வளவு பலம் எங்கிருந்து வந்தது? இந்தத் தரப்படுத்தல் நியாயமானதுதானா?

பதில் 1: ஹட்டன் ஆசிரியர்

தம்பி, இது நாம் ஆடும் உதைபந்தாட்டம் அன்று. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் ஆடும் அமெரிக்க ஆட்டம். நம் நாட்டவருக்கு ரக்பியை நினைத்துக்கொண்டால் ஓரளவு பிடிபடும்.

பலம் வந்த வழி எளியது. போர்க்காலத்தில் இலட்சக்கணக்கான இளைஞர்கள் அந்த முகாமின் வாசல் வழியாகக் கடற்படைக்குள் நுழைந்தார்கள். அவர்களுள் பல்கலைக்கழக வீரர்களும் தொழில்முறை வீரர்களும் இருந்தார்கள். எடுத்துக்காட்டாக, ஸ்டீவ் லாக் டியூக் பல்கலைக்கழகத்தில் புகழ்பெற்று, 1942 இல் சிக்காகோ கார்டினல்ஸ் என்ற தொழில்முறை அணிக்கு ஆடியபின் கடற்படைச் சீருடை அணிந்தவர். நோட்டர் டேமுக்கு எதிரான ஆட்டத்தில் ஒரு நிமிடம்கூட மீதமில்லாத வேளையில் அவர் எறிந்த நீண்ட பந்தை போல் ஆண்டர்சன் பிடித்ததனால்தான் முகாம் வென்றது.

அயோவா மாநிலத்தில் இருந்த கடற்படை விமானிகளின் ஆரம்பப் பயிற்சி முகாமையும் நீங்கள் கவனிக்க வேண்டும். மிசூரிப் பல்கலைக்கழகப் பயிற்றுநரான டொன் போரோட் 1943 இல் அந்த அணியை நடத்தினார். 9 வெற்றிகள், ஒரேயொரு தோல்வி. அந்தத் தோல்வியும் நவம்பர் 20 இல் நோட்டர் டேமிடம் 14-13 என்று ஒரே புள்ளியால் வந்தது. இறுதித் தரப்படுத்தலில் இரண்டாமிடம் பெற்றது இந்த முகாம்தான். போரோட்டுக்கு அங்கே உதவியாளர்களாக இருந்த ஜிம் டேட்டமும் பட் வில்கின்சனும் அவருடைய ஆட்டமுறையைக் கற்று, போருக்குப் பின் ஓக்லஹோமாப் பல்கலைக்கழகத்தில் அதைக் கொண்டு பெரும் வெற்றிகளைப் பெற்றார்கள். என் பார்வையில் அந்த ஆண்டின் நிலைத்த பயன் வெற்றி தோல்விக் கணக்கைவிட இதுவே.

தரப்படுத்தலை விளையாட்டுச் செய்தியாளர்கள் வாக்களித்துத் தீர்மானித்தார்கள். நோட்டர் டேம் வென்ற அணிகளுள் அயோவா முகாமும், மூன்றாமிடம் பெற்ற மிச்சிகன் பல்கலைக்கழகமும், நான்காமிடம் பெற்ற கடற்படைக் கல்லூரியும் அடங்கும். ஆகவே இறுதி நிமிடத்தில் வந்த ஒரு தோல்வி அதன் முதலிடத்தைப் பறிக்கவில்லை. இது நியாயம் என்றே நான் கருதுகிறேன்.

பதில் 2: கண்டி வாசகி

ஆசிரியர் ஐயா கூறிய தகவல்களில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் இந்த அணிகளை ஒவ்வொன்றும் தொடர்ச்சியான ஒரே அணி என்று கொள்வதில்தான் எனக்கு உடன்பாடில்லை. போர்க்காலத்தில் ஓர் அணியில் யார் ஆடுவார் என்பதைப் பயிற்றுநரைவிட இடமாற்றக் கட்டளையே தீர்மானித்தது. நோட்டர் டேமின் முன்னணி வீரர் அஞ்சலோ பெர்டெல்லி ஆறு போட்டிகள் ஆடி முடித்த கையோடு கடற்படைக் காலாட்பிரிவுக்கு அழைக்கப்பட்டார். அந்த ஆண்டின் சிறந்த வீரருக்கான ஹைஸ்மன் விருது அவருக்கே கிடைத்தது. எனினும் நவம்பர் 27 இல் களத்தில் அவர் இல்லை, அவருடைய இடத்தில் இளைஞரான ஜொனி லுஜாக் ஆடினார். எதிரணியில் நின்ற எமில் சிட்கோவோ நோட்டர் டேமில் படித்துக்கொண்டிருந்து கடற்படைக்குப் போனவர். போர் முடிந்ததும் அதே பல்கலைக்கழகத்துக்குத் திரும்பிச் சென்று அதற்காகவே ஆடினார். அப்படியானால் அன்று வென்றது யார் என்று எப்படிச் சொல்வது?

பல்கலைக்கழக அணிகளையும் போர்தான் உருவாக்கியது. 1943 யூலையில் தொடங்கிய கடற்படை அதிகாரிப் பயிற்சித் திட்டத்தில் சேர்ந்தவர்கள் தாம் அனுப்பப்பட்ட பல்கலைக்கழகத்தின் அணியில் ஆடலாம். தரைப்படை தன் மாணவர்களுக்கு அந்த அனுமதியை மறுத்தது. ஆகவே எந்தப் படையின் திட்டம் வந்தது என்பதைப் பொறுத்தே ஒரு பல்கலைக்கழகம் தழைத்தது அல்லது அணியையே கலைத்தது.

இங்கிலாந்திலும் இதுவே நடந்தது. 1939 செப்டெம்பரில் நாம் ஆடும் உதைபந்தாட்டத்தின் லீக் போட்டிகள் அங்கே நிறுத்தப்பட்டபின், மூன்றாம் பிரிவில் இருந்த அல்டர்ஷொட் கழகத்துக்கு, பக்கத்துப் படைமுகாமில் உடற்பயிற்சி ஆசிரியர்களாக இருந்த கிளிஃப் பிரிட்டன், ஸ்டான் கல்லிஸ், ஜோ மேர்சர் ஆகிய மூன்று இங்கிலாந்து அணி வீரர்கள் ஒருசேர ஆடினார்கள். போர் முடிந்ததும் அந்தப் பலம் அவர்களோடு போய்விட்டது.

பதில் 3: தியத்தலாவை வாசகர்

சேர், உங்களுக்கும் கண்டி அக்காவுக்கும் மிக்க நன்றி. போட்டி முடிவுகளை மட்டும் அட்டவணையாக எழுதி மாணவர்களிடம் கொடுக்கவிருந்தேன். இப்போது ஒவ்வொரு போட்டிக்கும் அருகில், அன்று யார் ஆடினார், யார் எந்தக் கட்டளையால் எங்கே போனார் என்ற நிரலையும் சேர்க்கிறேன். முதல் வரியாக நவம்பர் 27 ஐயும், அதில் சிட்கோவின் பெயரையும் எழுதியிருக்கிறேன்.